மானாவாரிச் செல்வங்களே

எங்கள் ஊர் ஆரம்பப் பள்ளிக்கூடத்தின் பின்சுவர் ஓர் ஐப்பசி மழையில் விழுந்தது. அது விழாமல் இருந்திருந்தால் என் அப்பா தம் வாழ்நாளில் ஒரு மேடையும் ஏறியிருக்க மாட்டார். நானும் எங்கள் வயலைத் தாண்டி வெகுதூரம் போயிருக்க மாட்டேன் என்று நினைக்கிறேன்.

விழுந்தது ஞாயிற்றுக்கிழமை என்பதால் யாருக்கும் அடிபடவில்லை. திங்கட்கிழமை காலையில் போய்ப் பார்த்தால், மூன்று கால் கரும்பலகைக்குப் பின்னால் சுவர் இருந்த இடத்தில் மலை தெரிந்தது. அதற்கப்புறம் சில மாதங்கள், வாத்தியார் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும்போது பலகைக்கு இரண்டு பக்கமும் ஆடுகள் மேய்வதைப் பார்த்தபடியே நாங்கள் படித்தோம். ஒருமுறை கிடா ஒன்று உள்ளே வந்து இரண்டாம் வகுப்போடு உட்கார்ந்துகொண்டது. மேலே எழுதிப் போட்டிருக்கிறது, வந்துவிடும் என்று வாத்தியார் சொல்லிக்கொண்டே இருந்தார். மேலே என்பது எந்த ஊர் என்று எங்களுக்குத் தெரியாது. அண்ணாந்து பார்த்தால் ஓடுதான் தெரிந்தது.

தை மாதம் நிலக்கடலை பிடுங்கி முடிந்ததும் அப்பா வண்டியைக் கட்டினார். யாரும் அவரிடம் கேட்கவில்லை. மலையடிவாரத்திலிருந்து வண்டி வண்டியாகக் கல் கொண்டுவந்து பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் கொட்டினார். ஏன் என்று அம்மா கேட்டதற்கு, "மாடு சும்மாதான நிக்குது" என்றார். கல் வந்து விழுந்ததைப் பார்த்தபின் ஊரில் மற்றவர்களுக்கும் சும்மா இருக்க முடியவில்லை. ஒருவர் சுண்ணாம்பு கொடுத்தார், நான்கு பேர் கை கொடுத்தார்கள். மாசி முடிவதற்குள் சுவர் எழும்பிவிட்டது. பழைய சுவரைவிடத் தடிமனாக இருந்தது, கொஞ்சம் கோணலாகவும் இருந்தது.

அப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்தில் வாய்க்கால் சண்டை, வரப்புச் சண்டை எது வந்தாலும் சாட்சிக்கு அவரைத்தான் கூப்பிடுவார்கள். அவர் சொல்லிவிட்டால் அதற்கு மேல் பேச்சில்லை. வெளியில் இது பெரிய மரியாதை. வீட்டில் இது பெரிய தொல்லை. ஒருமுறை கம்பைநல்லூர்ச் சந்தைக்கு ஓர் எருதை விற்கப் போனவர், வாங்க வந்தவன் பல்லைப் பிடித்துப் பார்த்துத் திருப்தியாகிப் பேச்சை முடிக்கப்போன நேரத்தில், "மேட்டுல ஏறுறப்ப பின்னங்கால இழுக்கும், பாத்துக்கங்க" என்று தாமே சொல்லிவிட்டார். வாங்க வந்தவன் திகைத்துப்போய், இதில் வேறு ஏதோ சூது இருக்கிறது என்று எண்ணி எழுந்து போய்விட்டான். எருதும் அப்பாவும் வந்த வழியே வீடு திரும்பினார்கள். அம்மா அன்று இரண்டு பேரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை.

அந்த வருஷம் நான் ஐந்தாம் வகுப்பு. எங்கள் பள்ளியில் ஐந்தோடு முடிந்தது. ஆறு படிக்க வேண்டுமென்றால் கடத்தூருக்குப் போக வேண்டும். வண்டிப்பாதையில் நடந்தால் ஒரு மணி நேரம் பிடிக்கும். பையன்கள் சிலர் போனார்கள். பெண்கள் யாரும் போனதில்லை. இதில் யாருக்கும் வருத்தம் இருந்ததாகத் தெரியவில்லை. மழை நின்றதும் விதைக்கிற மாதிரி, ஐந்து முடிந்ததும் நாங்கள் நிற்போம், அவ்வளவுதான். எனக்கு முன்னால் என் அக்காவும் ஐந்தில் நின்றாள். அதைப் பற்றி வீட்டில் ஒரே ஒரு வாக்கியம்தான் வழக்கத்தில் இருந்தது. யாராவது கேட்டால், "பெரியவளுக்குப் படிப்பு ஏறல, அவளே நின்னுக்கிட்டா" என்று அம்மாவோ அப்பாவோ சொல்வார்கள். அக்கா பக்கத்தில் இருந்தால் அவளும் தலையை ஆட்டுவாள். அவளுக்கு அப்போது பதினாறு வயதிருக்கும். கம்பைநல்லூர்ப் பக்கம் ஒரு மாப்பிள்ளை பார்த்து, வைகாசியில் வைத்துக்கொள்ளலாம் என்று பேச்சு முடியும் நிலையில் இருந்தது. அவள் போய்விட்டால் தோட்டத்தில் மடை திருப்ப, மாடு பார்க்க, தம்பியைத் தூக்கிக்கொள்ள அடுத்த ஆள் நான். நான் ஐந்தை முடிப்பதும் அவள் கல்யாணமும் ஒன்றையொட்டி ஒன்று வருவதை வீட்டில் எல்லாரும் நல்ல பொருத்தம் என்றே நினைத்தார்கள்.

பங்குனியில் ஒரு நாள் வாத்தியார் எங்கள் வீட்டுக்கு வந்தார். வருஷாவருஷம் ஐந்தாம் வகுப்பு முடித்துப் போகும் பிள்ளைகளுக்கு ஒரு வழியனுப்பு விழா நடக்கும். யாராவது பெரிய மனிதர் வந்து நாலு நல்ல வார்த்தை சொல்லி எங்களை ஊக்கப்படுத்திவிட்டுப் போவார். அந்த வருஷம் அந்தப் பெரிய மனிதர் அப்பாதான் என்று வாத்தியார் சொன்னார்.

"சுவரு கட்டுனதுக்கு நான் எதுக்குங்க பேசணும்?" என்றார் அப்பா. "வேணும்னா இன்னும் ரெண்டு வண்டி கல்லு போடறேன்."

வாத்தியார் விடவில்லை. கல் வேண்டாம், பேச்சுத்தான் வேண்டும் என்றார். அப்பாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியும், பஸ்ஸின் பெயர்ப்பலகையைக் கூட்டிப் படிக்கத் தெரியும். அதற்கு மேல் எழுத்தோடு அவருக்குப் பழக்கமில்லை. அதனால் எழுதிக் கொடுத்துப் பயனில்லை என்று வாத்தியார் ஒரு வழி கண்டுபிடித்தார். பேச்சை முதலில் எனக்கு மனப்பாடம் செய்விப்பது, நான் அதைக் கொண்டுபோய் அப்பாவுக்குச் சொல்லிக் கொடுப்பது. வகுப்பில் வாய்ப்பாடும் செய்யுளும் சத்தமாக ஒப்பிப்பது நான்தான். எனக்கு வேறு திறமை இருந்ததாக நினைவில்லை. சத்தம் இருந்தது.

பேச்சு நல்ல பேச்சு. இன்றும் எனக்கு மறக்கவில்லை. "அன்பார்ந்த மாணவச் செல்வங்களே! ஐந்தாம் வகுப்பை முடித்து ஆறாம் வகுப்பின் வாசலில் நிற்கிறீர்கள். இதுவரை நீங்கள் ஏறியது ஒரே ஒரு படி. இனி ஏற வேண்டிய படிகள் பல. கால் வலிக்கிறது என்று நடுவில் உட்கார்ந்துவிடாதீர்கள்" என்று தொடங்கிப் போகும். பிறகு பெற்றோர்கள் பக்கம் திரும்பும். "பெற்றோர்களே! ஆண் பிள்ளை, பெண் பிள்ளை என்று பாராமல் எல்லாரையும் மேல்வகுப்புக்கு அனுப்புங்கள். படித்த பெண் இருக்கும் வீட்டில் இரண்டு விளக்கு எரியும்." அந்த வரியை வாத்தியார் தெரிந்துதான் வைத்தாரா, எல்லா விழாவிலும் சொல்வதையே வைத்தாரா என்பது எனக்குக் கடைசிவரை தெரியவில்லை.

பாடம் நடந்த இடம் எங்கள் கிணற்றடி. ஊரில் இரண்டு மூன்று கிணறுகளுக்குக் கரண்டு மோட்டார் வந்திருந்தது. எங்களுக்கு எருது பூட்டி இறைக்கும் கவலைதான். எருதுகள் இரண்டும் சரிவில் இறங்கினால் தோல்சால் நிறைந்து மேலே வந்து தண்ணீரைக் கொட்டும். அவை பின்னாலேயே நடந்து மேலேறினால் சால் மறுபடி கிணற்றுக்குள் போகும். இறங்கும்போது அப்பா வடத்தின் மேல் உட்கார்ந்து தம் எடையையும் கொடுப்பார். எருதுகள் மேலேறும்போது நான் வாய்க்கால் கரையில் உட்கார்ந்து ஒரு வரி சொல்வேன். இறங்கும்போது அவர் அதைத் திருப்பிச் சொல்வார். சித்திரை வெயில் ஏறுவதற்குள் மிளகாய்ப் பாத்தி நனைந்துவிடும், பேச்சும் கொஞ்சம் முன்னேறும்.

முதல் வரியிலேயே தகராறு. மாணவச் செல்வங்களே என்பது அவர் வாயில் மானாவாரிச் செல்வங்களே என்றுதான் வந்தது. மழையை நம்பி விதைக்கிற மானாவாரி நிலம்தான் எங்களுக்கு அதிகம். காலமெல்லாம் அந்தச் சொல்லையே சொல்லிப் பழகிய நாக்கு. நான் திருத்துவேன். அவர் தலையாட்டிவிட்டு, எருதை அதட்டிவிட்டு, மறுபடியும் மானாவாரி என்பார். மிளகாய்ப் பாத்தியில் மண்வெட்டியோடு நின்று மடை திருப்பிக்கொண்டிருக்கும் அக்கா குனிந்தபடியே சிரிப்பாள். அவள் சிரித்து நான் பார்த்ததெல்லாம் அந்த நாட்களில்தான் அதிகம்.

மற்ற வரிகளை அவர் நன்றாகவே பிடித்துக்கொண்டார். சொல்லிச் சொல்லி எனக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது. மேலே படிக்க வேண்டும் என்ற ஆசை எனக்கு அதுவரை இருந்ததில்லை. உண்மையைச் சொன்னால், வாய்ப்பாடு முடிந்தது என்று சந்தோஷமாகத்தான் இருந்தேன். ஆனால் தினமும் காலையில் "இனி ஏற வேண்டிய படிகள் பல" என்று நாம் நம் வாயாலேயே கத்திக்கொண்டிருந்தால், படி எங்கே இருக்கிறது என்று பார்க்கத் தோன்றும் அல்லவா? கடத்தூர்ப் பள்ளிக்கூடத்துக்கு மாடி உண்டு என்று பையன்கள் சொல்லியிருந்தார்கள். பேச்சில் வருகிற படி அந்த மாடிப்படிதான் என்று நான் முடிவு செய்துகொண்டேன். அப்பா இவ்வளவு அழகாக எல்லாரையும் மேல்வகுப்புக்கு அனுப்புங்கள் என்று சொல்லப் பழகுகிறார், ஆகவே என்னையும் அனுப்பப்போகிறார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அனுப்புவாரா என்று அவரைக் கேட்க எனக்குத் தோன்றவில்லை. தினமும்தான் சொல்லிக்கொண்டிருந்தாரே.

ஒரு நாள் ஆண் பிள்ளை பெண் பிள்ளை வரி வந்தபோது அப்பா அதைத் திருப்பிச் சொல்லாமல் எருதுகளைப் பார்த்துக்கொண்டே இறங்கினார். சால் கொட்டியது.

"சொல்லுப்பா" என்றேன்.

"அது எனக்கு வந்துரும். அடுத்தத சொல்லு பாப்பா."

அப்போது பாத்தியிலிருந்து அக்காவின் குரல் வந்தது. அவள் எங்கள் பக்கம் திரும்பவில்லை. மண்வெட்டியால் மடையை அடைத்துக்கொண்டே என்னிடம் சொன்னாள். "அந்த வரி எனக்கு இங்க கேக்கல. இன்னொரு தடவ சத்தமா சொல்லு."

நான் என்னால் முடிந்த மட்டும் சத்தமாகச் சொன்னேன். கிணற்றுக்குள்ளிருந்து எதிரொலியும் சொன்னது. எருதுகள் மேலேறி வந்து நின்றுவிட்டன. அப்பா அவற்றை ஓட்டாமல் கொஞ்ச நேரம் கயிற்றைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். பிறகு அந்த வரியைத் திருப்பிச் சொன்னார், ஒரு பிழையும் இல்லாமல். அவருக்கு எல்லாம் வந்துவிட்டது என்று மறுநாள் வாத்தியாரிடம் நான் பெருமையாகச் சொன்னேன்.

விழா ஒரு மாலையில் நடந்தது. பெஞ்சுகளை ஒட்டிப் போட்டு அவற்றின்மேல் வாத்தியார் வீட்டுச் சமுக்காளத்தை விரித்து மேடை ஆக்கியிருந்தார்கள். பின்னால் புதுச் சுவர். அப்பாவுக்குக் கை வைத்த நாற்காலி. அவர் வெள்ளைச் சட்டை போட்டு, தலைக்கு எண்ணெய் தடவி, நாற்காலியின் நுனியில், கவலை வடத்தில் உட்காருவதுபோல உட்கார்ந்திருந்தார். முதல் வரிசையில் ஐந்தாம் வகுப்பு. பெண்களில் நானும் இன்னொருத்தியும்தான். எங்களுக்குப் பின்னால் மற்ற வகுப்புகள், அதற்குப் பின்னால் ஊர். பெண்கள் எல்லாம் வாசலை ஒட்டி நின்றார்கள். அம்மா அங்கே இருந்தாள். தம்பியை இடுப்பில் வைத்துக்கொண்டு அக்காவும் இருந்தாள்.

அப்பா எழுந்தார். துண்டை ஒருமுறை எடுத்து மறுபடி தோளில் போட்டார். "அன்பார்ந்த மானாவாரிச் செல்வங்களே" என்றார்.

எனக்கு உயிரே போனது. ஆனால் ஒருவரும் சிரிக்கவில்லை. ஊரில் யாருக்கும் அது தப்பாகப் படவில்லை போலிருக்கிறது. வாத்தியார் மட்டும் தரையைப் பார்த்தார். அதற்கு மேல் அப்பா தடங்கலில்லாமல் போனார். வாசலில் நிற்கிறீர்கள் என்றார். படிகள் பல என்றார். கால் வலிக்கிறது என்று உட்கார்ந்துவிடாதீர்கள் என்றபோது பின்னாலிருந்து யாரோ "ஆமாங்க" என்றார்கள். ஒவ்வொரு வரிக்கும் நடுவில் அவர் எருதுகள் மேலேறி வருகிற நேரம் காத்திருந்தார். அது அவருக்கே தெரியாது. கேட்டவர்களுக்கு அது பெரிய பேச்சாளர் தோரணையாக இருந்திருக்கும்.

"பெற்றோர்களே" என்றார். அங்கே நின்றார்.

காத்திருந்தேன். எருதுகள் ஒருமுறை ஏறி இறங்குகிற நேரம் ஆயிற்று. அவர் வாய் திறந்தது, மூடியது. மறந்துவிட்டார் என்று எனக்குப் புரிந்தது. இவ்வளவு நாள் சொல்லிக்கொடுத்தவள் எதிரில் உட்கார்ந்திருக்கும்போது அவர் ஏன் தவிக்க வேண்டும்? நான் எழுந்து நின்று, கிணற்றடியில் சொன்ன அதே சத்தத்தில் சொன்னேன். "ஆண் பிள்ளை, பெண் பிள்ளை என்று பாராமல் எல்லாரையும் மேல்வகுப்புக்கு அனுப்புங்கள்!"

கூட்டம் சிரித்தது. கை தட்டினார்கள். வாத்தியாரும் தட்டினார். பேச வந்தவரைவிடப் பிள்ளை நன்றாகப் பேசுகிறது என்று யாரோ சொன்னார்கள். நான் பெருமையோடு அப்பாவைப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. என்னையும் பார்க்கவில்லை. என் தலைக்கு மேலாக, வாசல் பக்கம் எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தார். கைதட்டல் அடங்கும்வரை நின்று, பிறகு வீட்டில் பேசுகிற பேச்சுக்குத் திரும்பிவிட்டார்.

"மறக்கலீங்க. பாப்பா சொன்னது சரிதான். பேச்சுல அப்படித்தான் இருக்குது. ஆனா அது எனக்கு வாயில வரலீங்க. எம் பெரிய புள்ள நல்லாத்தான் படிச்சுது. நான்தான் நிறுத்தனேன். வேலைக்கு ஆளில்லன்னு நிறுத்தனேன். சின்னதையும் நிறுத்தறதாத்தான் இருக்கறேன். அத வூட்டுல வெச்சிக்கிட்டு, இங்க வந்து உங்க புள்ளைங்கள அனுப்புங்கன்னு நான் எப்படிங்க சொல்றது? மத்ததெல்லாம் வாத்தியாரு சொன்னது, நல்ல பேச்சு. அத எடுத்துக்கங்க."

சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

பின்வரிசையிலிருந்து ஒரு பெரியவர், "உள்ளதச் சொல்லிட்டாருப்பா" என்றார். அதற்கும் ஊர் கை தட்டியது. முன்னதைவிடக் கொஞ்சம் அதிகமாகவே தட்டியது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த இன்னொரு பெண்ணின் அப்பா, தம் முடிவுக்கு ஒரு பெரிய மனிதரின் சாட்சி கிடைத்துவிட்ட நிம்மதியோடு, "நானும் அதத்தான் சொல்லிட்டிருந்தேன்" என்றார். இப்படியாக எங்களை ஊக்கப்படுத்தும் விழா முடிந்தது. வாத்தியார் ஆளுக்கு ஒரு பென்சிலும் ஒரு கடலை மிட்டாயும் கொடுத்தார். எனக்குக் கொடுக்கும்போது, "நீ சரியாத்தான் சொன்னம்மா" என்று மட்டும் மெதுவாகச் சொன்னார். மிட்டாயை வாயில் போட்டுக்கொண்டுதான் அழுதேன். மாடிப்படி இனி இல்லை என்று எனக்கு அதற்குள் விளங்கிவிட்டிருந்தது. திரும்பிப் பார்த்தேன். வாசலில் அக்கா இல்லை. தம்பி அம்மாவின் இடுப்பில் இருந்தான்.

வீட்டுக்கு வரும் வழியில் அம்மா அப்பாவைப் பிடிபிடி என்று பிடித்தாள். "மாட்டுக்குத்தான் கொறய சொன்னீங்க. இப்ப வூட்டுக்குமா? அவளே நின்னுக்கிட்டான்னு ஊருக்கெல்லாம் சொல்லி வெச்சிருக்குது. சபையில நின்னு அத அவுத்து விட்டுட்டீங்களே." சுவர் கட்டியதற்குக் கிடைத்த மரியாதையே இந்த வசவுதான் என்பதுபோல அப்பா முன்னால் நடந்தார்.

அதன்பின் சில நாட்கள் வீடு வேறுமாதிரி இருந்தது. நான் அழுதேன், பிறகு அழுவதை மறந்துபோய் விளையாடினேன், நினைவு வந்ததும் மறுபடி அழுதேன். அக்கா யாரோடும் பேசவில்லை. அப்பாவுக்குக் களி போட்டு வைத்துவிட்டுத் திரும்பாமல் போய்விடுவாள். அவள் கோபம் எனக்குப் புரியவில்லை. அவளைப் பற்றி அப்பா தப்பாக ஒன்றும் சொல்லவில்லையே, நன்றாகப் படித்தாள் என்றுதானே சொன்னார் என்று நினைத்தேன்.

ஒரு காலையில் நான் தூரத்தில் ஆடு பார்த்துக்கொண்டிருந்தேன். அப்பா கவலை ஓட்டிக்கொண்டிருந்தார். அக்கா மண்வெட்டியைப் பாத்தியிலேயே போட்டுவிட்டு, பாவாடையைச் செருகியபடியே மேட்டில் ஏறி அவரிடம் போனாள். என்ன பேசினார்கள் என்று கேட்கவில்லை. எருதுகள் சரிவின் பாதியில் நின்றுவிட்டதும், நிறைந்த சால் கொட்டப்படாமல் கிணற்றுக்கு மேல் தொங்கிக்கொண்டு நாலாபக்கமும் ஒழுகியதும் மட்டும் தெரிந்தது. அக்கா கையை நீட்டி என் பக்கம் ஒருமுறை காட்டினாள். ஆடு ஏதோ பயிரில் வாய் வைத்துவிட்டது போல, அதைத்தான் சொல்கிறாள் என்று பயந்து நான் ஆடுகளை விரட்டிக்கொண்டு ஓடினேன்.

அந்த வைகாசியில் அக்காவின் கல்யாணம் நடக்கவில்லை. மாப்பிள்ளை வீட்டில் ஏதோ சாவு, தள்ளிப்போயிற்று என்று நானே யாரிடமோ கேட்டதாக நினைத்துக்கொண்டேன். பிறகு அந்தப் பேச்சே இல்லாமல் போயிற்று. மூன்று வருஷம் கழித்து அக்கா அரூர்ப் பக்கம் வேறொரு வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டுப் போனாள். இன்றைக்கும் அங்கேதான் இருக்கிறாள். தோட்டம், மாடு, பிள்ளைகள், பேரன்கள் என்று நன்றாகத்தான் இருக்கிறாள்.

நான் படித்து முடித்து வேலைக்குப் போய்க்கொண்டிருந்த காலத்தில் ஒரு லீவு நாள் அம்மாவோடு உட்கார்ந்து புளி தட்டிக்கொண்டிருந்தேன். ஏதோ பேச்சில் அம்மா அந்தக் கம்பைநல்லூர் மாப்பிள்ளையைப் பற்றிச் சொன்னாள். அக்காவுக்கு அவனைப் பிடித்திருந்ததாம். சந்தையில் இரண்டு தரம் பார்த்திருக்கிறாளாம். மாப்பிள்ளை வீட்டில் சாவு எதுவும் இல்லை. எருதுகள் பாதியில் நின்ற அன்று அக்கா அப்பாவிடம் சொன்னதை அம்மா கொட்டையைத் தட்டி எடுத்துக்கொண்டே சொன்னாள்.

"கல்யாணத்த ரெண்டு வருசம் தள்ளி வைங்க, மடையும் மாடும் நான் பாத்துக்கறேன், சின்னவ படிக்கப் போவட்டும்னா. காத்திருக்க மாட்டாங்க கண்ணுன்னாரு உங்க அப்பா. இருக்கலன்னா போவட்டும்னுட்டா. அவங்க இருக்கலதான்."

"அக்காவுக்குப் படிப்பு ஏறலன்னு சொல்வீங்களே?" என்றேன்.

அம்மா ஒரு புளியங்காயை உடைத்து, நாரை உருவி, கொட்டையைத் தள்ளினாள். "ஏறலயா? பள்ளிக்கூடம் தொறக்கற அன்னைக்கு விடியக்காலமே தலைக்கு ஊத்திக்கிட்டு, பையத் தோள்ல மாட்டிக்கிட்டு வாசல்ல வந்து நின்னா. உங்க அப்பாதான் அதக் கழட்டி வெச்சிட்டு மம்புட்டியக் குடுத்தாரு. ஒரு வார்த்த பேசல அவ. அப்புறம் யாரு கேட்டாலும் அவளே நின்னுக்கிட்டான்னு சொன்னோம். அவளும் சரின்னுதான் இருந்தா. அன்னைக்கு மேடையில இந்த மனுசன் நான்தான் நிறுத்தனேன்னு சொன்ன அப்புறந்தான் அவ வீட்டுக்கு வந்து அழுதா. அஞ்சு வருசம் கழிச்சி."

இவையெல்லாம் பின்னால் தெரிந்தவை. நான் ஆறாம் வகுப்புக்குப் போன காலையில் எனக்குத் தெரிந்தது வேறு. என்னைக் கடத்தூரில் சேர்ப்பதாக அப்பா முதல் நாள்தான் சொன்னார். காரணம் சொல்லவில்லை. விழாவில் நான் சத்தமாக எடுத்துக் கொடுத்ததற்குப் பரிசு என்று நான் எடுத்துக்கொண்டேன்.

விடிவதற்கு முன்பே அக்கா என்னை உலுக்கி எழுப்பினாள். தலைக்கு ஊற்றினாள், சிக்கெடுத்தாள், கண்ணில் நீர் வரும்படி இறுக்கிப் பின்னினாள். வலிக்கிறது என்றால் தலையில் குட்டினாள். சாமைச் சோற்றைத் தூக்குப்போசியில் அடைத்தாள். வாசலில் அப்பா வெள்ளைச் சட்டையோடு நின்றார். எனக்கு என்னவோ போக மனம் வரவில்லை. தம்பியைப் பார்த்தேன், ஆட்டைப் பார்த்தேன், வாசல் படலைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அக்கா மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு தோட்டத்துக்குக் கிளம்பியவள் திரும்பி வந்தாள்.

"என்னாடி நின்னு நின்னு பாக்கற? போடி. பாதியில இந்தப் பக்கம் திரும்பி வந்தீன்னா கால ஒடிச்சிருவேன். இனிமே உனக்கு இங்க ஒரு வேலையும் கெடையாது. போ."

என் பிடரியில் கை வைத்துத் தள்ளியும் விட்டாள். நான் அழுதுகொண்டே அப்பாவுக்குப் பின்னால் ஓடினேன். வண்டிப்பாதை திரும்பும் இடம்வரை விசும்பிக்கொண்டே போய், அங்கே அவர் கையைப் பிடித்து இழுத்து, அக்காவுக்கு என் மேல் பொறாமை, அவளுக்குப் படிப்பு ஏறாததால்தான் இப்படித் திட்டுகிறாள் என்று சொன்னேன்.

அப்பா நின்றார். திரும்பித் தோட்டத்துப் பக்கம் பார்த்தார். பிறகு என் கையிலிருந்த தூக்குப்போசியை வாங்கிக்கொண்டு, "கல்லு கெடக்குது, பாத்து நட" என்றார்.